‘ஃப்ரீ ஸ்டார்லிங்க்’ பைலை போனில் ஏற்ற முதல்

வட்ஸ்அப் குழுவில் ‘ஸ்டார்லிங்க் ஃப்ரீ’ என்று யாராவது கொன்ஃபிக் பைல் (இணைய இணைப்புக்கான அமைப்புகள் அடங்கிய பைல்) அனுப்பினால், முதலில் வீட்டுக் கூரையைப் பாருங்கள். செய்மதி வழியே இணையம் தரும் ஸ்டார்லிங்கின் டிஷ் அங்கே இருக்கிறதா? இல்லையென்றால் திருநெல்வேலியில் இருந்தாலென்ன, நெடுந்தீவில் இருந்தாலென்ன, அந்த பைல் செய்மதி இணையத்தைக் கொண்டுவராது.

அது செய்வது வேறு வேலை. உங்கள் போனின் இணையப் போக்குவரத்தை முகம் தெரியாத ஒருவரின் சேர்வர் வழியாகத் திருப்பிவிடும் விபிஎன் அமைப்பு அது. பெரும்பாலும் பூட்டித்தான் தருவார்கள். சேர்வர் எது என்று திறந்து பார்க்கவும் முடியாது. நீங்கள் எந்தத் தளங்களுக்குப் போகிறீர்கள் என்பது அவருக்குத் தெரியும். கூடவே ஒரு டிஜிட்டல் சான்றிதழையும் (எந்தத் தளத்தை நம்பலாம் என்று போனுக்குச் சொல்வது) நிறுவச் சொல்லி, நீங்களும் நிறுவிவிட்டால், பிரௌசரில் அடிக்கும் பாஸ்வேர்ட் வரைக்கும் அவரிடம் போய்விடலாம்.

ஏற்கெனவே போட்டுவிட்டீர்களா? செட்டிங்ஸில் விபிஎன் பட்டியலில் இருந்து அதை அழியுங்கள். அந்த பைலை ஏற்றப் பயன்படுத்திய அப்பையும், சான்றிதழ் நிறுவியிருந்தால் அதையும் நீக்குங்கள். அப்புறம்தான் பாஸ்வேர்டுகளை மாற்ற வேண்டும், வங்கியும் ஈமெயிலும் முதலில்.