ஆர்36எஸ்-இல் புது ஓஎஸ் ஏற்றுகிறீர்களா? கூட வந்த கார்டில் கை வைக்காதீர்கள்

ஆர்36எஸ் என்ற கையடக்க கேம் மெஷின் கைக்கு வந்த அன்றே, அதனுடன் வந்த மெமரி கார்டை அழித்துப் அதில் ஓடும் ஓஎஸ்ஸான ஆர்க்ஓஎஸ்ஸைப் புதிதாக ஏற்றினேன். பவர் பட்டனை அழுத்தினால் விளக்கு எரிகிறது, மெனு நகரும் சத்தம்கூட ஸ்பீக்கரில் கேட்கிறது. திரை மட்டும் கும்மிருட்டு. மெஷின் போச்சு என்றே நினைத்தேன். போனது ஒரு குட்டி ஃபைல்தான்.

விஷயம் இதுதான். ஆர்36எஸ் என்ற ஒரே பெயரில், ஒரே 3.5 அங்குல அளவில், உள்ளே வேறு வேறு டிஸ்ப்ளே பேனல் போட்டு விற்கிறார்கள். எந்தப் பேனல் மாட்டியிருக்கிறது என்பதை ஓஎஸ்ஸின் மையப் பகுதியான லினக்ஸ் கெர்னலுக்குச் சொல்வது டிடிபி என்ற ஃபைல். அது கார்டின் பூட் பார்ட்டிஷனில், அதாவது மெஷின் தொடங்கும்போது படிக்கும் பகுதியில், இருக்கும். உங்கள் மெஷினுக்குப் பொருந்தும் டிடிபி கையில் இருக்கிறது என்று நிச்சயமாகச் சொல்லக்கூடிய ஒரே இடம், கூட வந்த அந்தக் கார்டு. அழித்துவிட்டால் ஒவ்வொரு பேனலுக்கான ஃபைலாகப் போட்டுப் பார்க்க வேண்டியதுதான். எனக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்கப் போனது.

அதனால் முதலில் பழைய கார்டை முழு இமேஜாக (எல்லாம் அடங்கிய ஒரே ஃபைலாக) கம்ப்யூட்டரில் எடுத்து வையுங்கள். பிறகு நல்ல பிராண்ட் கார்டு ஒன்று வாங்கி அதில் ஏற்றுங்கள். கூட வருவது பெரும்பாலும் பெயர் தெரியாத கார்டு, எப்போது படுக்கும் என்று சொல்ல முடியாது. ஏற்றி முடித்ததும் பழைய கார்டிலிருந்த டிடிபியைப் புதிய கார்டின் பூட் பார்ட்டிஷனில் காப்பி செய்தால் திரை வந்துவிடும். ஃபைல் பெயர் மட்டும் புது இமேஜில் இருப்பதோடு அப்படியே ஒத்துப்போக வேண்டும்.

இவ்வளவு செய்தும் அசையவில்லையா? க்ளோனாக, அதாவது அதே பெயரில் வரும் நகலாக, இருக்கலாம். வாங்கியபோதே ஆர்க்ஓஎஸ்ஸுக்குப் பதில் எமுஎலெக் என்ற வேறு ஓஎஸ் வந்திருந்தால் சந்தேகப்படுங்கள். உள்ளே போர்டே வேறாக இருந்தால் வழக்கமான இமேஜ் அதில் ஓடாது.

இன்னொரு வலை விண்டோஸ் வைப்பது. ஏற்றி முடித்த கார்டைச் செருகியதும் ‘டிஸ்க்கை ஃபார்மட் செய்ய வேண்டும்’ என்று ஒரு பெட்டி குதிக்கும். கார்டு கெட்டுவிட்டது என்று பதறி ஓகே தட்டுபவர்கள்தான் அதிகம். கார்டில் லினக்ஸ் பயன்படுத்தும் எக்ஸ்ட்4 வகைப் பார்ட்டிஷன் ஒன்று உண்டு, விண்டோஸுக்கு அதைப் படிக்கத் தெரியாது, அவ்வளவுதான். கேன்சல் செய்துவிட்டுப் பேசாமல் இருங்கள்.

கார்டில் இமேஜ் எழுதும் மென்பொருள் ரூஃபஸோ எட்ச்சரோ, எதில் ஏற்றினாலும் ஏற்றும் முன் டிரைவின் ஜிபி அளவை ஒருமுறை பாருங்கள். கல்யாண ஃபோட்டோ இருக்கும் பென்டிரைவும் அதே பட்டியலில்தான் நிற்கும்.

முதல் பூட்டில் ஆர்க்ஓஎஸ் பார்ட்டிஷனை விரிக்கும், தானே ரீஸ்டார்ட் ஆகும். சில நிமிடம் பிடிக்கும். பொறுமையிழந்து நடுவில் ஆஃப் செய்தால் மறுபடியும் முதலிலிருந்து.

கேம்களை ஓஎஸ் கார்டிலேயே கொட்டாதீர்கள். ஸ்லாட் இரண்டு இருக்கிறது. இரண்டாவதில் தனிக் கார்டு போட்டு, ஆப்ஷன்ஸில் அட்வான்ஸ்டு மெனுவுக்குள் எஸ்டி2-க்கு மாற்றிக்கொள்ளலாம். அடுத்த முறை ஓஎஸ் மாற்றும்போது பாதி முடித்த கேமின் சேவ் ஃபைல் பத்திரமாக இருக்கும். என் மகனின் போக்கிமான் சேவ் அப்படி இல்லாமல் போய், இரண்டு நாள் அவன் என்னோடு பேசவில்லை.