கார்டில் தெரியாத கியோஸ்க் செலவு: தவிர்க்க வேண்டிய தவறுகள்

அலுவலகக் கார்டுகளின் மாத ஸ்டேட்மென்ட்டை ரசீதுகளோடு ஒத்துப் பார்ப்பது என் வேலை. பல வருடமாக இதேதான். புதிதாகச் சேர்ந்த இருவர் இப்போது பக்கத்து மேசையில் உட்கார்ந்து பழகுகிறார்கள். போன வாரம் அவர்களில் ஒருவர் தன் கார்டில் இருந்த ஒரு சின்னத் தொகையைப் பார்த்துப் பதறிப்போய், வங்கி ஆப்பைத் திறந்து "இது நான் செய்ததல்ல" என்ற பொத்தானை அழுத்தப் போனார். நல்லவேளை, பார்த்துவிட்டேன். அதே பொத்தானை ஒரு காலத்தில் அவசரப்பட்டு அழுத்திப் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்.

ஸ்டேட்மென்ட்டைப் படியுங்கள், பின் எண்ணை யாரிடமும் சொல்லாதீர்கள் என்பதெல்லாம் எல்லோருக்கும் தெரிந்தது. அவற்றை விட்டுவிடுகிறேன்.

பெயரைப் பார்த்தே முடிவு கட்டுவது

கியோஸ்க், அதாவது கடைக்காரர் இல்லாமல் தானே பணம் வாங்கிக்கொள்ளும் இயந்திரம், நிற்கும் இடம் ஒருவருடையது, இயந்திரம் இன்னொருவருடையது, பணத்தை வாங்கிச் சேர்ப்பது மூன்றாவது நிறுவனம். ஸ்டேட்மென்ட்டில் பல சமயம் வருவது அந்த மூன்றாமவர் பெயர்தான். அதுவும் முழுசாக வராது. கார்டு பரிவர்த்தனைச் செய்திகளுக்கான ஐஎஸ்ஓ 8583 அமைப்பில் கடைப் பெயர், ஊர், நாடு எல்லாவற்றுக்கும் சேர்த்தே 40 எழுத்துதான் இடம்: வழக்கமாகப் பெயருக்கு 25, ஊருக்கு 13, நாட்டுக்கு 2. நீளமான பெயர் பாதியில் வெட்டுப்பட்டு, ஏதோ திருட்டுக் கும்பலின் சங்கேதம் போல வந்து நிற்கும். நடுவில் நட்சத்திரக் குறி இருந்தால், பெரும்பாலும் அதற்கு முன்னால் இருப்பது பணம் வாங்கித் தரும் நிறுவனத்தின் சுருக்கம். பின்னால் இருப்பதுதான் உங்களுக்கு வேண்டியது. ஊர்ப் பெயரையும் நம்ப வேண்டாம். இயந்திரம் ஓரிடத்தில் இருக்க, தலைமை அலுவலகம் இருக்கும் ஊர் அச்சாகியிருக்கலாம்.

தேதியும் அப்படித்தான். நெட்வொர்க் கிடைக்காத மூலையில் நிற்கும் மெஷின் விவரத்தைச் சேமித்து வைத்துக்கொண்டு பிறகு அனுப்பும். ஒரே தடவையில் மூன்று பொருள் எடுத்தால் மூன்றையும் கூட்டி ஒரே வரியாக அனுப்பும் மெஷினும் உண்டு. அதனால் "இந்தத் தொகைக்கு நான் எதுவுமே வாங்கவில்லை" என்று சத்தியம் செய்வதற்கு முன், கூட்டியும் பாருங்கள்.

நான் செய்வது இது: பெயரை மறந்துவிட்டுத் தொகையைப் பிடித்துக்கொள்வேன். அந்தத் தேதிக்கு முன்னும் பின்னும் மூன்று நாள் எங்கே இருந்தோம் என்று போனில் உள்ள படங்கள், காலண்டர், மின்னஞ்சல் ரசீது எல்லாவற்றையும் பார்ப்பேன். அதிலும் பிடிபடவில்லை என்றால் வங்கியிடம் மூன்று விஷயம் கேட்பேன்: கடை எந்த வகை என்று காட்டும் நான்கு இலக்க எண், டெர்மினல் எண் (கார்டைப் படித்த கருவியின் எண்), கார்டு எப்படிப் படிக்கப்பட்டது. மூன்றாவதுதான் முக்கியம். சிப் படிக்கப்பட்டதா, தட்டப்பட்டதா, இணையத்தில் எண் அடிக்கப்பட்டதா என்று தெரிந்தாலே பாதி மர்மம் விலகிவிடும்.

பக்கத்து மேசைக்காரரின் கதை? வகை எண் போட்டோ சம்பந்தப்பட்டது என்று வந்தது. பர்ஸைத் திறந்தார். உள்ளே விசா விண்ணப்பத்துக்காக ரயில் நிலைய கியோஸ்க்கில் எடுத்த பாஸ்போர்ட் அளவுப் படங்கள், இன்னும் வெட்டாமல், ஒரே அட்டையாக.

கடைசி நான்கு எண் பொருந்தவில்லை என்று துள்ளுவது

போனைத் தட்டிப் பணம் கட்டினால் ரசீதில் உங்கள் கார்டின் எண் வராது. கார்டுக்குப் பதிலாக அந்த போனுக்கென்று தனியாகத் தரப்பட்ட எண்ணின் கடைசி நான்கு இலக்கம் வரும். போனில் உள்ள கார்டு விவரத்தில் அது இருக்கும், பாருங்கள்.

நிலுவையில் இருப்பதோடு சண்டை போடுவது

பொறுங்கள். நிலுவை (பென்டிங்) என்று காட்டும் வரி இன்னும் முடிவானதல்ல. நிறைய மெஷின்கள் முதலில் ஒரு தொகையை ஹோல்டில், அதாவது எடுக்காமல் பிடித்து மட்டும், வைத்துவிட்டு, அப்புறம் சரியான தொகையை எடுக்கும்.

தவறான காரணத்தைத் தேர்ந்தெடுப்பது

இதுதான் என்னைச் சுட்ட தவறு. ஒரு விமான நிலையத்தில், புறப்பட இருபது நிமிடம் இருக்கும்போது, தானியங்கி மெஷினில் ஒரு ஹெட்போன் வாங்கினேன். போனைத் தட்டினேன். சுருள் கம்பி சுற்றியது, டப்பா முன்னால் வந்தது, கண்ணாடியில் சாய்ந்து அப்படியே நின்றுவிட்டது. இரண்டு குத்து விட்டுப் பார்த்தேன், அசையவில்லை. விமானத்துக்கு நேரமாகிறது என்று மறுபடி தட்டினேன். இப்போது பின்னாலிருந்த டப்பா இடித்து இரண்டும் விழும் என்று கணக்குப் போட்டேன். ஒன்றுதான் விழுந்தது. அதை எடுத்துக்கொண்டு ஓடினேன், அத்தோடு மறந்தும் போனேன்.

அடுத்த மாதம் ஸ்டேட்மென்ட்டில், கேள்விப்படாத பெயரில், ஒரே தொகை இரண்டு வரி. யோசிக்கவே இல்லை. ஆப்பில் "இது நான் செய்ததல்ல" என்று இரண்டையும் தட்டிவிட்டேன். அந்தக் கணமே கார்டு முடங்கியது. அதில் தானாகக் கட்டப்பட்டுவந்த பில்கள் ஒவ்வொன்றாகத் திரும்பின. தாமதக் கட்டணம் மட்டுமே ஹெட்போன் விலையைத் தாண்டியது. வங்கி தற்காலிகமாகப் பணத்தை வரவு வைத்தபோது ஜெயித்துவிட்டேன் என்றுகூட நினைத்தேன்.

சில வாரம் கழித்து பதில் வந்தது: இரண்டும் உங்கள் போனில், உங்கள் விரல்ரேகையை வைத்து நடந்தவை. வரவு வைத்த பணம் திரும்பப் போனது. அப்போதுதான் கண்ணாடியில் சாய்ந்து நின்ற அந்த டப்பா ஞாபகத்துக்கு வந்தது. போன் செய்து, "ஒன்று விழவே இல்லையே" என்றேன். மறுமுனையில் இருந்தவர் மரியாதையாகத்தான் கேட்டார்: "சார், அந்த மெஷினையே பார்த்ததில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். இப்போது பொருள் வரவில்லை என்கிறீர்கள். எதைப் பதிவு செய்ய?" எனக்கு வாயடைத்துப் போனது.

நியாயமாகத் திரும்பியிருக்க வேண்டிய பணம் அது. காரணத்தை மாற்றிச் சொன்னதால் போனது. டிஸ்ப்யூட், அதாவது ஒரு செலவை மறுத்து வங்கியிடம் போடும் புகார், ஒரே பெட்டி இல்லை. கார்டு நிறுவனமான விசா 2018 முதல் அதை நான்கு பிரிவாகப் பிரித்து வைத்திருக்கிறது: 10 மோசடி, 11 வங்கி தரும் அனுமதி தொடர்பானது, 12 செயல்பாட்டுப் பிழை, 13 வாடிக்கையாளர் தகராறு. நான் போட்டது 10. போட்டிருக்க வேண்டியது 13.1, பொருள் கைக்கு வரவில்லை. ஒரே வாங்கலுக்கு இரண்டு முறை எடுத்திருந்தால் அது 12. மாஸ்டர்கார்டிலும் இதே கதைதான்: கார்டுக்காரர் அனுமதி இல்லாமல் நடந்தது என்றால் 4837, பொருள் சம்பந்தப்பட்ட தகராறு என்றால் 4853. இந்த எண்களை நீங்கள் மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை. ஆனால் ஆப்பில் தட்டும் பொத்தான் பின்னால் இந்த எண்ணாகத்தான் மாறுகிறது. கடைக்காரர் தரப்பும் அந்த எண்ணுக்குத்தான் பதில் தருகிறது. மோசடி என்று சொன்னால், "இவர்தான் செய்தார்" என்று நிரூபித்தால் அவர்களுக்குப் போதும். டப்பா விழுந்ததா என்று யாரும் கேட்கப்போவதில்லை.

எரிச்சல் என்னவென்றால், ஆப்களில் அந்த மோசடிப் பொத்தான்தான் பெரிதாக, முதலில், சிவப்பாக இருக்கும். மற்றக் காரணங்கள் இரண்டு திரை தாண்டி உள்ளே. சந்தேகமாக இருந்தால் பொத்தானைத் தொடாமல் போனில் பேசி, "எனக்கு இது எதுவென்று தெரியவில்லை, விவரம் வேண்டும்" என்று மட்டும் சொல்லுங்கள். தெரியவில்லை என்பதும் செய்யவில்லை என்பதும் ஒன்றல்ல.

மெஷினைப் படம் எடுக்காமல் வருவது

பொருள் சிக்கினால் கண்ணாடியோடு சேர்த்து, ஸ்டிக்கரில் உள்ள மெஷின் எண்ணும் தெரிகிற மாதிரி ஒரு படம். முதலில் அந்த ஸ்டிக்கரில் உள்ள எண்ணுக்கே சொல்லிப் பாருங்கள். டிஸ்ப்யூட்டை விடச் சீக்கிரம் பணம் வரலாம்.

இரண்டு பக்கமும் பணம் கேட்பது

மெஷின்காரர் திருப்பித் தருகிறேன் என்று ஒப்புக்கொண்டால் டிஸ்ப்யூட்டை நிறுத்தச் சொல்லுங்கள்.

கஸ்டமர் கேர் எண்ணை இணையத்தில் தேடுவது

கார்டின் பின்பக்கமே இருக்கிறது.

சின்னத் தொகைதானே என்று விடுவது

இவ்வளவு நேரம் நிதானம் என்றேன். இங்கே மட்டும் நிதானம் வேண்டாம். திருடிய கார்டு எண் வேலை செய்கிறதா என்று பார்க்க முதலில் கண்ணில் படாத தொகையைத்தான் எடுப்பார்கள். இணையத்தில் எண் அடித்து நடந்தது, நீங்களோ வீட்டில் யாருமோ செய்யவில்லை என்று உறுதியானால் உடனே கார்டை முடக்குங்கள். அப்போது அந்தச் சிவப்புப் பொத்தான் சரியான பொத்தான்.

"வரும், வரும்" என்று காத்திருப்பது

விசா, மாஸ்டர்கார்டு இரண்டிலும் பெரும்பாலான காரணங்களுக்குக் கெடு 120 நாள். வங்கிக்கு நீங்கள் தெரிவிக்க வேண்டிய கெடு அதைவிடக் குறைவாக இருக்கலாம். மெஷின்காரரின் வாக்குறுதியை நம்பி அதைத் தாண்ட விடாதீர்கள்; பணம் வரும் என்று சொன்ன தேதியை எழுதி வாங்கி, அந்தத் தேதி போன மறுநாளே வங்கிக்குச் சொல்லுங்கள்.