மேல்தட்டுக்குச் சிப்போர்டா, மரப்பலகையா? இரண்டிலும் அடிபட்டவன் எழுதுவது

எங்கள் வீடு கல்லடியில். ஒரு பக்கம் கடல், மறுபக்கம் வாவி. ஓட்டுக்கூரை நல்ல உயரம் என்பதால், நடுக்கூடத்துக்கு மேலே மரத்தில் ஒரு தட்டு அடித்துப் பிள்ளைகளுக்கு அறை எடுக்க முடிவு செய்தேன். பாதித் தளம் பலகை, பாதி சிப்போர்ட் (மரச்சில்லுகளைப் பசையோடு அழுத்திச் செய்த தாள்). சோதனைக்காக அப்படிச் செய்யவில்லை, பாதியில் காசு முடிந்துவிட்டது. ஆனால் இரண்டையும் பக்கத்துப் பக்கத்தில் வைத்துப் பார்க்கும் வாய்ப்பு கிடைத்தது. இங்கே சொல்வது அடித்தளம் பற்றி. மேலே விரிப்போ லாமினேட்டோ பிறகு வரும்.

படி 1: தீராந்தி இடைவெளியை அளந்து பாருங்கள்

தீராந்தி என்பது தளத்தைத் தாங்கும் குறுக்கு மரம். ஒன்றின் நடுவிலிருந்து அடுத்ததன் நடுவரை அளக்க வேண்டும். ஒன்றரை அடிக்குள் இருந்தால் 18 மிமீ சிப்போர்ட் போதும். இரண்டு அடி என்றால் 22 மிமீ வேண்டும், 18 போட்டால் நடக்கும்போது தொய்யும். சீவி முடித்து முக்கால் அங்குலத்துக்குக் குறையாத நல்ல பலகை இரண்டு அடியைத் தாங்கும். தீராந்தியே உளுத்திருந்தால் முதலில் அதை மாற்றுங்கள்.

படி 2: தண்ணீர் எங்கிருந்து வரும்?

விலையைப் பிறகு பார்க்கலாம். அறைக்குப் பக்கத்தில் குளியலறை, தண்ணீர்த் தாங்கி, ஒழுகும் ஓடு ஏதாவது உண்டா? உண்டென்றால் அந்த இடத்துக்குப் பலகைதான். பலகை நனைந்தால் ஊதும், காய்ந்தால் பெரும்பாலும் பழையபடி வரும். சிப்போர்ட் ஊதினால் ஊதினதுதான். மார்கழி மழையில் ஒரு ஓடு விலகி, இரண்டு நாள் சொட்டியது. சிப்போர்டின் விளிம்பு தேத்தண்ணியில் தோய்த்த ரஸ்கு மாதிரி ஆகிவிட்டது. வெயில் வந்தும் தடிப்பு இறங்கவில்லை, வெட்டித்தான் எடுத்தேன்.

படி 3: பலகை என்றால், காய வையுங்கள்

நான் சறுக்கியது இங்கேதான், அதனால் கொஞ்சம் நீட்டிச் சொல்கிறேன்.

கார்த்திகையில் மரக்காலையில் (மரம் விற்கும் இடம்) ஆறு அங்குல மகோகனிப் பலகை வாங்கினேன். பார்க்க அழகு, தூக்கினால் கனம். அந்தக் கனம் தண்ணீர் என்று எனக்கு உறைக்கவில்லை. ஓடாவியார் (தச்சர்) சொன்னார்: "மனே, மரம் இன்னும் தண்ணி குடிச்சிருக்கு. கச்சான் அடிக்கட்டும், பிறகு பார்ப்பம்." கச்சான் என்றால் ஆடியில் அடிக்கும் வறண்ட காற்று. எனக்கு அவசரம். ஈரமான வாடைக்காற்றுக் காலத்தில் இடைவெளியே இல்லாமல் இறுக்கி அடித்து முடித்தேன். ஆடியில் கச்சான் காற்று அடித்தபோது பலகைகள் சுருங்கி, இடையில் கால் அங்குலம் வாய் பிளந்தது. கீழே சாப்பிடுகிறவரின் தலையில் மேலேயிருந்து மண் கொட்டியது. மாமா ஒரு வாரம் குடை பிடித்துச் சாப்பிட்டார் என்று மச்சான் இப்போதும் கதை அளப்பான்.

மரம் நீளவாக்கில் அநேகமாகச் சுருங்காது. சுருங்குவது அகலத்தில். அதனால் எட்டு அங்குலப் பலகையைவிட நாலு அங்குலப் பலகை நல்லது, ஒவ்வொரு இடுக்கும் சிறிதாகவே திறக்கும்.

காய வைக்கும் முறை இது. நிழலில், காற்றோட்டமான இடத்தில், தரையில் படாமல் அடுக்குங்கள். ஒவ்வொரு வரிசைக்கும் இடையே ஒரு அங்குல ரீப்பைத் (மெல்லிய மரச்சட்டம்) துண்டுகளை ஒன்றின் நேர் மேலே ஒன்றாக வையுங்கள், கோணலாக வைத்தால் பலகையும் கோணும். நடு அடுக்கிலிருந்து ஒரு பலகைத் துண்டை எடுத்து, வாரம் ஒருமுறை சமையலறைத் தராசில் நிறுங்கள். மூன்று நாலு வாரம் எடை குறையாமல் நின்றால் மரம் தயார். இதற்காக விலையுள்ள கருவி வாங்கத் தேவையில்லை.

இன்னொன்று: வைரம் பாய்ந்த பகுதியைக் கேட்டு வாங்குங்கள். தேக்கானாலும் முதிரையானாலும் வெளியிலுள்ள வெள்ளைப் பகுதியைக் கறையான் விடாது.

படி 4: சிப்போர்ட் என்றால், தரம் கேளுங்கள்

கடையில் "சிப்போர்ட்" என்று மட்டும் கேட்டால் அலுமாரி செய்யும் பலகையைத் தருவார்கள். அது தளத்துக்கு ஆகாது. பி5 என்ற தரம்தான் ஈரப்பதமுள்ள இடத்தில் பாரம் தாங்கச் செய்யப்பட்டது. ஈரம் தாங்கும் என்றால் தண்ணீரில் கிடக்கும் என்று அர்த்தமில்லை. எட்டுக்கு நாலு அடி, 18 மிமீ தாள் ஒன்று சுமார் 35 கிலோ. ஏணியில் தனியாக ஏற்றப் போக வேண்டாம்.

தாளின் நீளப்பக்கம் தீராந்திக்குக் குறுக்காக வரட்டும். மூட்டுகள் செங்கல் வரிசை போல மாறி மாறி விழ வேண்டும். நாக்கும் காடியும் உள்ள தாளில் (ஒன்றின் விளிம்பு மற்றதன் பள்ளத்தில் நுழையும் வகை) காடி முழுக்க மரப்பசை விடுங்கள். சுவர் ஓரத்தில் 10 மிமீ இடைவெளி கட்டாயம்.

படி 5: பொருத்துதல்

ஆணி வேண்டாம். ஆணி தளர்ந்ததும் ராத்திரியில் யார் தண்ணீர் குடிக்க எழுந்தாலும் வீடு முழுக்கக் கிறீச்சிடும். திருகாணி போடுங்கள், பலகைத் தடிப்பின் இரண்டரை மடங்கு நீளம். முதிரை, பாலை போன்ற கடின மரத் தீராந்தியில் முதலில் சின்னத் துளை போடாவிட்டால் திருகாணி தலை அறுந்துவிடும். சிப்போர்ட் அறுக்கும்போது மூக்கைக் கட்டுங்கள். கைவாள் பத்து நிமிடத்தில் மழுங்கும், மின் வட்டவாளுக்குக் கார்பைட் பல் வைத்த சில்லு வாங்கிக்கொள்ளுங்கள்.

பின்சேர்க்கை: அக்கரைப்பற்றிலிருந்து ஒருவர், விளிம்பில் பெயின்ட் அடித்தால் சிப்போர்ட் தப்புமா என்று கேட்டிருந்தார். வெட்டிய விளிம்புதான் முதலில் நீர் உறிஞ்சும், அதனால் பொருத்துவதற்கு முன் இரண்டு கோட் அடிப்பது நல்லதே. ஆனால் பிறகு குழாய்க்காகத் துளை போட்டால் அந்தத் துளையின் உள்பக்கத்துக்கும் அடிக்க வேண்டும். அவர் அதைத்தான் விட்டிருந்தார். அந்த ஒரு துண்டை வெட்டி, காய்ந்த பலகை வைத்து மூடச் சொன்னேன்.