மரவேலிக்கு ஸ்ப்ரேயரில் ஸ்டெயின் (மரத்துக்குள் ஊறும் சாயம்) அடிப்பது எப்படி?

கடையில் மெஷின் விலை கேட்பதற்கு முன்னால் உங்கள் வேலியைப் பாருங்கள். கடலூர், புதுச்சேரிப் பக்கம் நிறைய வேலிகள் சவுக்குக் கழியில் கட்டியவை. கழிக்குக் கழி சந்து இருக்கும். அதன்மேல் ஏர்லெஸ் மெஷினை, அதாவது காற்றைக் கலக்காமல் உயர் அழுத்தத்தில் பீய்ச்சும் மெஷினைப் பிடித்தால் ஸ்டெயினில் பெரும்பங்கு சந்து வழியாகப் பக்கத்து வீட்டுக்குப் போய்விடும். சந்தில்லாத, நீளமான பலகை வேலிக்குத்தான் ஏர்லெஸ் கட்டுப்படியாகும். அதற்கும் 413 டிப் (முனையில் மாட்டும் நாசில்) போதும்: 4-ஐ இரட்டித்தால் ஓரடி தூரத்தில் விழும் விசிறியின் அகலம், 8 அங்குலம், 13 என்பது துளையளவு, அங்குலத்தில் ஆயிரத்தில் 13 பங்கு. சுவர் பெயின்ட்டுக்கான 517-ஐ மாட்டினால் ஸ்டெயின் வழிந்தோடும். ஓடும் ஏர்லெஸ் முன்னால் விரலை நீட்டவே கூடாது. ஸ்டெயின் தோலைத் துளைத்து உள்ளே ஏறிவிடும்.

வீட்டு வேலிக்கு என் சிபாரிசு 5 லிட்டர் கைபம்ப் (கையால் அழுத்தம் ஏற்றும் ஸ்ப்ரேயர்), விசிறி நாசிலோடு. பூச்சிமருந்து பம்ப்பில் வரும் கூம்பு நாசில் புகை மாதிரி தூவும், வேண்டாம். களைக்கொல்லி அடித்த பழைய பம்ப்பும் வேண்டாம். ஆயில் ஸ்டெயின் என்றால் உள்ளே இருக்கும் வாஷர்தான் வில்லன்: டர்பன்டைன் பட்டால் சில ரப்பர் ஊதிவிடும், பிறகு பிரஷர் நிற்காது. கூட வரும் உபரி வாஷரை ஸ்டெயினில் ஓர் இரவு ஊறப்போட்டுப் பாருங்கள். பருத்துக் கொழகொழத்தால் ‘விட்டான்’ (Viton) என்ற, ஆயில் தாங்கும் ரப்பரில் செய்த வாஷர் மாற்றுங்கள், அல்லது வாட்டர்பேஸ் ஸ்டெயினுக்கு மாறுங்கள். கெட்டியான ஸ்டெயின் எதுவும் கைபம்ப்பில் ஏறாது.

சவுக்கில் பட்டை ஒட்டியிருந்தால் முழுக்கச் சீவுங்கள். இல்லாவிட்டால் பட்டை உரியும்போது சாயமும் உரியும். கடலோரமானால் உப்புப் படிவு போக நல்ல தண்ணீரில் கழுவி, இரண்டு மூன்று நாள் வெயிலில் காயவிடுங்கள். ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டால் மரம் குடிக்க வேண்டும். முத்து முத்தாக நின்றால் பழைய வார்னிஷ் மிச்சமிருக்கிறது, உப்புத்தாள் போடுங்கள்.

பொங்கல் கழிந்து மழை விட்ட பிறகு அடிப்பது நல்லது. காலைப் பனி உலர்ந்ததும் தொடங்கி, கடற்காற்று எழுவதற்குள் முடித்துவிடுங்கள். சுண்ணாம்புச் சுவரில் தெறித்த சாயம் கழுவினால் போகாது, தார்ப்பாய் கட்டுங்கள். கண்ணாடி, ஆவி தடுக்கும் ஃபில்டர் மாஸ்க் இரண்டும் அவசியம், கைக்குட்டை பிரயோஜனப்படாது.

எல்லா டப்பாவையும் ஒரே பக்கெட்டில் கொட்டி, அடியில் தங்கிய நிறமி கரையும்வரை கலக்கி, நைலான் துணியில் வடிகட்டி ஊற்றுங்கள். கால்மணிக்கொரு முறை டேங்கைக் குலுக்குங்கள். மறந்தால் முதல் பலகை ஒரு நிறம், கடைசிப் பலகை வேறு நிறம்.

இனி பலர் சறுக்கும் இடம். ஸ்ப்ரே அடித்ததோடு வேலை முடியவில்லை. பம்ப் ஸ்டெயினைக் கொண்டுபோய்ச் சேர்க்கும், மரத்துக்குள் இறக்குவது பிரஷ். முக்கால் அடி தூரத்தில் நாசிலைப் பிடித்து, மேலிருந்து கீழாக, முந்தைய வரியின் பாதியை மூடியபடி இரண்டு பலகை அடியுங்கள். உடனே 4 அங்குல பிரஷ்ஷால் மரத்தின் ரேகை போகும் திசையில் இழுத்துவிடுங்கள். பிறகு அடுத்த இரண்டு. ஒருவர் அடிக்க, ஒருவர் இழுத்தால் வேலை ஓடும். பலகை நடுவில் நிறுத்தினால் அந்த இடத்தில் கருங்கோடு விழும். ஆயில் ஸ்டெயினில் 15 நிமிடம் கழித்தும் மினுமினுக்கும் இடம், மரம் குடிக்காமல் விட்ட மிச்சம். பழந்துணியால் துடைக்காவிட்டால் நாள் கணக்கில் பிசுபிசுக்கும், தூசியெல்லாம் ஒட்டும். வெட்டுமுனைகளுக்கு மட்டும் பிரஷ்ஷாலேயே இரண்டு கை (கோட்). தண்ணீர் ஏறுவது அங்கேதான்.

30 அடி நீளம், 6 அடி உயரம், ஒரு பக்கம், ஒரு கை என்றால் கரட்டு மரத்துக்குக் குறைந்தது 3 லிட்டர் வாங்குங்கள். டப்பாவில் போட்டிருக்கும் கணக்கு பெரும்பாலும் இழைத்த மரத்துக்கானது.

அன்றைக்கே பம்ப்பைக் கழுவுங்கள், ஆயிலுக்கு டர்பன்டைன், மற்றதற்குத் தண்ணீர். நாசிலில் சுத்தமாக வரும்வரை. ஆயில் நனைந்த துணிகளைச் சுருட்டி மூலையில் போடாதீர்கள், தானாகச் சூடேறித் தீப்பிடிக்கும். வெளியே ஒவ்வொன்றாக விரித்துக் காயப்போடுங்கள், அல்லது தண்ணீர் வாளியில் அமுக்கி வையுங்கள்.