அகதிகள் 1914 என்ற ஊமைப்படத் துண்டைச் சரிபார்ப்பது எப்படி?

1914 அக்டோபர் 10-ல் ஆன்ட்வெர்ப் நகரம் ஜெர்மன் படையிடம் வீழ்ந்தது. ஏறத்தாழ 10 லட்சம் பெல்ஜியர்கள் எல்லை தாண்டி நெதர்லாந்துக்குள் போனார்கள். அந்த ஓட்டத்தைக் காட்டுவதாகச் சொல்லும் படத்துண்டுகள் நிறைய உண்டு. காட்சிகளுக்கு இடையே வரும் எழுத்து அட்டையை, அதாவது டைட்டில் கார்டை மட்டும் நம்பாதீர்கள். பழைய காட்சியை எடுத்துப் புதுச் செய்தியோடு ஒட்டுவது அன்றைய செய்திப்படங்களில் சகஜம்.

கையில் இருப்பது அசல் சுருளா? அது நைட்ரேட், எளிதில் தீப்பற்றும் பழைய பிலிம் வகை. தீப்பிடித்தால் தண்ணீருக்குள்ளும் எரியும். புரொஜெக்டரில் ஏற்றவே கூடாது. பிலிம் ஓரத்தில் வரிசையாக உள்ள 100 துளைகளின் நீளத்தை அளந்து பாருங்கள்: ஏறத்தாழ 475 மி.மீ. இருக்க வேண்டும். 470-க்குக் கீழே என்றால் 1 சதவீதத்துக்கு மேல் சுருங்கிவிட்டது, படியெடுக்கும் இயந்திரத்தின் பல்சக்கரமும் துளைகளைக் கிழித்துவிடும். பிசுபிசுப்போ நுரையோ தெரிந்தால் பிரிக்காமல் ஆவணக் காப்பகத்திடம் கொடுத்துவிடுங்கள்.

அடுத்து விளிம்பு. கோடாக் பிலிமில் 1916 முதல் ஆண்டுக்குறி உண்டு: வட்டம் 1916, சதுரம் 1917, முக்கோணம் 1918. 20 ஆண்டுக்கு ஒருமுறை இதே குறிகள் திரும்ப வரும். நெகட்டிவிலிருந்து எடுத்த பிரதியில், தெளிந்த விளிம்பில் குறி கறுப்பாக இருந்தால் அது அந்தப் பிரதியின் வயது. கறுப்புப் பட்டையில் வெள்ளையாக இருந்தால் நெகட்டிவிலிருந்து பதிந்தது. இந்த இரண்டையும் குழப்பிக்கொள்வதால்தான் பாதிப் பிழைகள் வருகின்றன.

பிறகு பிரேம் பிரேமாக நகர்த்துங்கள். ஒரு காலாட்படைச் சிப்பாயின் தலையில் இரும்புத் தொப்பி தெரிந்தாலும் போதும், அது 1914 அல்ல. பிரெஞ்சு, பிரிட்டிஷ் தொப்பிகள் 1915-ல்தான் வந்தன, ஜெர்மன் தொப்பி 1916-ல். மரங்கள் மொட்டையாக நின்றாலும் அக்டோபர் தொடக்கம் என்பது பொருந்தாது. பனியும் மலைப்பாதையும் மாட்டுவண்டியும் சேர்ந்து வந்தால் 1915 இறுதியில் நடந்த செர்பியப் பின்வாங்கலா என்று பாருங்கள். நாய் இழுக்கும் வண்டி பெல்ஜியத்துக்குப் பொருந்தும். ஆனால் அதுவே சான்று ஆகாது.

வேகத்தைச் சரிசெய்வது கட்டாயம். அன்று கேமராவைக் கையால் சுற்றினார்கள்: நொடிக்கு ஏறத்தாழ 2 சுற்று, 16 பிரேம். அதையே 24-ல் ஓட்டினால், குழந்தையைத் தூக்கிக்கொண்டு வரும் தாய் துள்ளி ஓடுவதுபோல் தெரியும், பார்ப்பவர் சிரிப்பார்கள். அவளுக்கு அந்த அவமானம் வேண்டாம். ஒவ்வொரு பிரேமையும் ஒருமுறை மட்டும் பதிந்த 25 பிரேம் கோப்பு என்றால் வேகத்தை 64 சதவீதம் ஆக்குங்கள். அதற்கு முன் பிரேம்கள் இரட்டிக்கின்றனவா என்று பாருங்கள். இரட்டித்தால் வேகத்தை ஏற்கெனவே யாரோ திருத்தியிருக்கிறார்கள். மூட்டையை இறக்கிவைக்கும் ஒருவரின் கையைக் கவனித்து அசைவு இயல்பாகத் தெரியும் வேகத்தில், நொடிக்கு 14-க்கும் 20-க்கும் இடைப்பட்ட பிரேமில் நிறுத்துங்கள்.

குறிப்பேட்டில் கார்டு சொல்வதை ஒரு வரியிலும், நீங்கள் உறுதிசெய்ததைத் தனி வரியிலும் எழுதுங்கள். இடம் தெரியாவிட்டால் அந்தக் கட்டத்தை வெறுமையாக விடுங்கள்.