பின்னோக்கி விழுபவரும் கீழே இறங்காத கண்களும்: பி.எஸ்.பி. நோயை அறிந்து கையாளும் முறை

அறுபது வயதைக் கடந்த ஒருவர், காலில் எதுவும் தடுக்காமல், அலமாரிக் கதவை இழுத்துத் திறந்த மாத்திரத்தில் வெட்டிய மரம்போலப் பின்னோக்கி விழுகிறார். சில மாதங்களுக்குள் மீண்டும் அவ்வாறே விழுகிறார். முதல் முறை தலைசுற்றல் என்றும், அடுத்த முறை ரத்த அழுத்தம் என்றும், பிறகு வயது என்றும் வீட்டார் சமாதானம் சொல்லிக்கொள்கின்றனர். இப்படிப்பட்ட விழுதலுக்குக் காரணமாகக்கூடிய அரிய நோய்களுள் ஒன்று, ப்ரோக்ரெஸிவ் சூப்ராநியூக்ளியர் பால்ஸி எனப்படும் பி.எஸ்.பி. ஒரு லட்சம் பேரில் ஏறத்தாழ 5 முதல் 7 பேருக்கு இது காணப்படுகிறது. கனடாவின் டொரான்டோ நகரில் ஸ்டீல், ரிச்சர்ட்சன், ஒல்ஷெவ்ஸ்கி ஆகிய மூவர் ஆராய்ந்து, 1964இல் இதைத் தனி நோயாக விவரித்தனர். டௌ என்னும் புரதம் மூளைத்தண்டு உள்ளிட்ட பகுதிகளின் செல்களுக்குள் திரண்டு அவற்றை மெல்ல அழிக்கிறது. இது தொற்றுவதில்லை, பரம்பரையாக வருவதும் மிக அரிது.

பெரும்பாலோர் முதலில் பார்கின்சன் என்ற முடிவோடுதான் மருந்தைத் தொடங்குகின்றனர். வேறுபாட்டைக் காண, முதல் விழுதல் எப்போது நிகழ்ந்தது என்று கேட்க வேண்டும். பார்கின்சனில் விழுதல் பொதுவாகப் பல ஆண்டுகள் கழித்தே தொடங்கும், பி.எஸ்.பி.யின் வழக்கமான வகையிலோ முதல் மூன்று ஆண்டுகளுக்குள், பலருக்கு முதல் ஆண்டிலேயே, தொடங்கிவிடுகிறது. மேலும், பி.எஸ்.பி.யில் கைநடுக்கம் குறைவு, கைகால்களைவிடக் கழுத்தும் முதுகுத்தண்டை ஒட்டிய தசைகளும் விறைக்கின்றன, பார்கின்சனுக்குத் தரப்படும் லெவோடோபா மாத்திரை அதிகம் பலன் தருவதில்லை.

கண்தான் இந்நோயின் முக்கிய அடையாளம். எனினும் கண் மருத்துவரிடம் எழுத்துப் பலகையை நோயாளி தடையின்றி வாசித்துவிடுவார் என்பதால், கண்ணாடியை இரண்டு மூன்று முறை மாற்றியும் குறை தீராத குடும்பங்கள் உண்டு. உண்மையில் குறைவது பார்வைக் கூர்மையன்று. கண்களை மேலும் கீழும் நகர்த்தும் வேகமும் பிறகு அதன் எல்லையுமே குறைகின்றன. சாப்பாட்டு மேசையில் இது தெளிவாகத் தெரியும்: தட்டில் சோறு இருக்க, அவர் எதிர்ச்சுவரைப் பார்த்தபடியே பிசைவார்; ரசம் சட்டையில் வழியும்; படி இறங்கும்போது கால் அந்தரத்தில் தேடும். மருத்துவர் ஒரு பொருளை உற்றுப் பார்க்கச் சொல்லி, தலையைப் பிடித்து மேலும் கீழும் அசைத்தால், தானாகக் கீழே இறங்க மறுத்த அதே கண்கள் இறங்கிவிடும். கண்தசைகளும் அவற்றுக்கான நரம்புகளும் நலமாக உள்ளன, பழுது அவற்றுக்கு மேலுள்ள கட்டுப்பாட்டில்தான் என்பதை இது காட்டுகிறது. நோயின் பெயரிலுள்ள ‘சூப்ராநியூக்ளியர்’ என்ற சொல்லும், கண்ணை அசைக்கும் நரம்புகளின் கருக்களுக்கு மேலே என்று அதையே குறிக்கிறது. மூன்று முறை மட்டும் கைதட்டச் சொன்னால் சிலர் நிறுத்த இயலாமல் தட்டிக்கொண்டே போவர். இது துணை அறிகுறிதான், இதை மட்டும் வைத்து முடிவு செய்யலாகாது.

எம்.ஆர்.ஐ. படத்தைப் பக்கவாட்டு வெட்டில் பார்த்தால், சுருங்கிய நடுமூளை ஹம்மிங்பேர்ட் பறவையின் தலையும் அலகும்போலத் தெரியும். தொடக்கத்தில் இது இல்லாமலும் இருக்கலாம். மூளையில் நீர் கோத்தல், சிறு பக்கவாதங்கள் போன்றவற்றை விலக்கவும் அப்படம் தேவை. இதை உறுதிசெய்யும் ரத்தப் பரிசோதனை நடைமுறையில் இல்லை. நரம்பியல் நிபுணர் 2017ஆம் ஆண்டின் பன்னாட்டு வரையறைகளை ஒட்டித் தீர்மானிக்கிறார். விழுந்த தேதி, நேரம், திசை ஆகியவற்றை ஒரு நோட்டில் குறித்து, நோயாளி நடப்பதையும் சாப்பிடுவதையும் கைப்பேசியில் படமெடுத்துச் சென்றால், பத்து நிமிடச் சந்திப்பில் சொல்ல விட்டுப்போவதை அவை சொல்லிவிடும்.

நோயின் போக்கைத் தடுக்கும் மருந்து இன்றுவரை இல்லை. லெவோடோபாவைப் போதிய அளவில் குறைந்தது ஒரு மாதமாவது கொடுத்துப் பார்ப்பது வழக்கம். பயனில்லை என்று தோன்றினாலும் வீட்டாரே திடீரென நிறுத்தக் கூடாது. இமைகள் இறுகி மூடிக்கொண்டால் தசையைத் தளர்த்தும் போட்டுலினம் ஊசியும், இமைத்தல் குறைவதால் வறளும் கண்ணுக்குச் சொட்டு மருந்தும் உதவும்.

எஞ்சிய பெரும்பணி வீட்டில்தான். தன் நிலையை எடைபோடும் திறனும் குறைவதால், எத்தனை முறை எச்சரித்தாலும் அவர் சட்டென்று எழுந்துவிடுவார். இது பிடிவாதமன்று, நெற்றிப்பகுதி மூளையின் பாதிப்பு. ஆகவே அறிவுரையை நம்பாமல் இடத்தை மாற்றுவதே மேல்: தரையில் கிடக்கும் கால்மிதி விரிப்புகளை அகற்றி, கழிப்பறையில் கைப்பிடி பொருத்தி, அடிக்கடி வேண்டியவற்றைக் கண்மட்டத்தில் வைக்க வேண்டும். எடை குறைந்த வாக்கரைத் தூக்கிக்கொண்டே பின்னால் சாய்வர் என்பதால், முன்புறம் கனமுள்ள வாக்கரை பிசியோதெரபிஸ்ட் பரிந்துரைப்பதுண்டு. தட்டை ஒரு சிறு பலகைமேல் உயர்த்தி வைத்தால் உணவு அவர் பார்வைக்குள் வரும்.

விழுங்குவதில் வரும் கோளாறே உயிருக்கு ஆபத்தானது. தண்ணீர், காபி, ரசம் போன்ற நீர்த்தவை மூச்சுக்குழலுக்குள் எளிதில் இறங்கிவிடும். சாப்பிடும்போது இருமல், குடித்தபின் கரகரக்கும் ஈரக்குரல், காரணம் புரியாத தொடர் காய்ச்சல் ஆகியவற்றைக் கண்டால் விழுங்குதல் பயிற்சி தரும் பேச்சு சிகிச்சையாளரைத் தாமதமின்றிப் பார்க்க வேண்டும். நிமிர்ந்து உட்காரவைத்து, சிறு கவளங்களாக, பேச்சுக்கொடுக்காமல் ஊட்டுவது நல்லது.

பதில் சொல்ல நோயாளிக்கு நேரமாகும். ஒரு கேள்வி கேட்டுவிட்டுக் காத்திருக்க வேண்டும். பின்னாளில் வயிற்றில் குழாய் பொருத்தி உணவு தருவதா, செயற்கை சுவாசம் வேண்டுமா என்பவற்றையும் அவர் குரல் தெளிவாக இருக்கும்போதே கேட்டு எழுதிவைக்க வேண்டும். ஏனெனில் பலருக்குச் சில ஆண்டுகளிலேயே, புரிதல் எஞ்சியிருக்கும்போதே, பேச்சு குழறிப்போகிறது.