இசக்கிக்கு 'ஐ'யா, 'ஈ'யா?

எங்கள் திருநெல்வேலிப் பக்கம் இசக்கி என்று பெயர் வைத்துவிட்டால் பெற்றவர்கள் கடமை முடிந்தது. அதை ஆங்கிலத்தில் 'ஈ' போட்டுத் தொடங்குவதா, 'ஐ' போட்டுத் தொடங்குவதா என்பதை எதிரே உட்கார்ந்து டைப் அடிக்கிறவர்தான் முடிவு செய்கிறார். என் பள்ளிச் சான்றிதழில் 'ஈ'. ஆதாரில் 'ஐ'. பேங்க் பாஸ்புக்கிலும் 'ஐ'தான், ஆனால் அதில் இசக்கி ஒரு பக்கம், அம்மாள் ஒரு பக்கம் என்று பிரிந்து நிற்பாள். போதாததற்கு இன்ஷியல்: கல்யாணத்துக்கு முன்னால் அப்பாவின் 'பி', பின்னால் வீட்டுக்காரரின் 'எஸ்'.

ஆசிரியை வேலையிலிருந்து ஓய்வு பெற்றபின், மியூச்சுவல் ஃபண்டில் போட்டு வைத்ததில் கொஞ்சம் எடுக்கப் போனேன். ஃபோலியோவில், அதாவது ஃபண்ட் கணக்கில், இருக்கும் இசக்கியம்மாளும் பேங்கில் இருக்கும் இசக்கியம்மாளும் ஒரே ஆள்தான் என்று காட்டச் சொன்னார்கள். காட்டி முடிக்க ஏழு மாதம் ஆனது. வரிசை தெரிந்திருந்தால் இரண்டு மாதத்து வேலை. அந்த வரிசையைத்தான் இங்கே எழுதுகிறேன்.

எந்த ஆபீசுக்கும் கிளம்புவதற்கு முன் காகிதங்களையெல்லாம் தரையில் பரப்பி உட்காருங்கள். ஒவ்வொன்றிலும் உங்கள் பெயர் எப்படி இருக்கிறது என்று எழுத்துக்கு எழுத்து, இடைவெளி உட்பட, ஒரு தாளில் எழுதுங்கள். ஃபண்டுகளுக்கு சி.ஏ.எஸ். என்கிற ஒருங்கிணைந்த கணக்கு அறிக்கையை, ஃபண்டுகளின் கணக்குப் பதிவுகளைப் பார்த்துக்கொள்கிற கேம்ஸ் அல்லது கேஃபின் நிறுவனத்தின் இணையதளத்தில் கேட்டால் மெயிலில் வரும். உங்கள் பான் (வருமான வரித் துறை தரும்) எண்ணில் உள்ள ஃபோலியோக்களும் அவற்றில் உள்ள பெயரும் அதில் தெரியும். ஆனால் அதை மட்டும் நம்ப வேண்டாம். 2007-க்கு முன் சிறு தொகை போட்ட பலர் பான் எண் கொடுத்திருக்கமாட்டார்கள். அந்த மாதிரி ஃபோலியோ இந்த அறிக்கையில் தலை காட்டாது. எனக்கு அப்படி ஒன்று டிரங்குப் பெட்டியிலிருந்து கிடைத்தது, எல்.ஐ.சி. ரசீதுகளுக்கு நடுவில்.

அடுத்தது, எந்தப் பெயரில் நிற்கப்போகிறோம் என்ற முடிவு. இதை ஆபீஸ்காரர்களிடம் விடாதீர்கள். நான் பார்த்தது, எதை மாற்றுவது ரொம்பக் கஷ்டம் என்று. பெருமாள்புரத்து வீட்டுப் பத்திரத்தில் என் பெயரோடு வீட்டுக்காரர் பெயர் இருக்கிறது. மகனைப் பார்க்க மஸ்கட் போக எடுத்த பாஸ்போர்ட்டிலும் 'ஈ' இசக்கியம்மாள், பக்கத்தில் அவர் பெயர் முழுசாக. சரி, அதுதான் பெயர் என்று முடிவு செய்தேன். உங்களுக்கு அப்பா பெயரே வசதி என்றால் அப்பா பெயரிலேயே நில்லுங்கள். கல்யாணம் ஆனதால் பெயரை மாற்றியே ஆக வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை.

இங்கே கெஜட், அதாவது அரசிதழ், பயத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். முருகன்குறிச்சியில் நான் ஜெராக்ஸ் எடுக்கிற கடையில் அண்ணாச்சி என் காகிதங்களைப் பார்த்ததும், "டீச்சர், இதுக்கெல்லாம் கெஜட்டு போடணும், வேற வழி கிடையாது" என்றார். பாதிப் பேர் இந்த இடத்திலேயே பயந்து ஃபைலை மூடிவிடுகிறார்கள். கல்யாணத்தால் வந்த மாற்றத்துக்கு, திருமணப் பதிவுச் சான்றிதழோ கணவர் பெயர் உள்ள பாஸ்போர்ட்டோ இருந்தால், பங்குகளை வைத்திருக்கும் டீமேட் கணக்குக்குப் போதும். அரசிதழ் மூன்றாவது வழி, அவ்வளவுதான். எழுத்துப் பிழை, இன்ஷியல் விரிவு மாதிரிச் சின்ன வித்தியாசங்களுக்கும் பெரும்பாலும் அடையாளச் சான்றுகளை வைத்தே முடியும். பெயரே வேறாக மாறும்போதுதான் எழுதுபொருள் அச்சுத் துறைக்கு விண்ணப்பித்து அரசிதழில் வெளியிட வேண்டும். எங்கள் சித்தி மகன் எண்கணிதம் பார்த்து வேறு பெயருக்குப் போனான். பெயர் மாறி அவனுக்கு யோகம் வந்ததா தெரியாது, அரசிதழ் வந்தது. போடுகிறவர்கள் கையெழுத்துப் போடும் முன் வரைவை இன்னொருவரிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லுங்கள். நம் பெயர் என்பதால் நம் கண் பிழையைத் தாண்டிப் போய்விடும்.

இனி வரிசை. ஆதார், அப்புறம் பான், அப்புறம் பேங்க், அப்புறம் கே.ஒய்.சி. என்கிற முதலீட்டாளர் அடையாளப் பதிவு, கடைசியில்தான் ஃபோலியோவும் டீமேட்டும். நான் தலைகீழாகத் தொடங்கினேன். ஃபண்ட் ஆபீஸ் பான் கேட்டது, பானுக்கு ஆதார் கேட்டார்கள், ஆதாருக்கு வேறு சான்று கேட்டார்கள். பாளையங்கோட்டைக்கும் ஜங்ஷனுக்கும் நான் அலைந்த அலைச்சலில் கண்டக்டருக்கே என் முகம் பழகிவிட்டது.

ஆதாரில் ஆயுளுக்கும் இரண்டே தடவைதான் பெயர் மாற்றலாம். அதனால் ஆபரேட்டர் சேமிப்பதற்கு முன் திரையைத் திருப்பிக் காட்டச் சொல்லுங்கள், ஒப்புகைச் சீட்டையும் அங்கேயே நின்று படியுங்கள். திருத்தப் போன இடத்திலேயே என் அம்மாள் மறுபடியும் பிரிந்து நின்றாள். "ஒரு ஸ்பேஸ்தானம்மா" என்றான் பையன். அந்த ஸ்பேஸுக்குத்தான் தம்பி நான் வந்திருக்கேன் என்றேன்.

பானில் நம்மூர் இன்ஷியல் செல்லாது. முதல் பெயர், கடைசிப் பெயர் கட்டங்களில் ஒற்றை எழுத்து போட முடியாது, விரித்து எழுத வேண்டும். அதனால்தான் பேங்கில் 'பி'யாக இருந்த அப்பா பானில் முழுப் பிச்சையாவாக வந்து உட்கார்ந்திருந்தார். ஒரே பெயர் மட்டும் வேண்டும் என்கிறவர்கள் அதைக் கடைசிப் பெயர்க் கட்டத்தில் எழுதி, முதல் கட்டத்தைக் காலியாக விடலாம். எண் மாறாது, அதே எண்ணில் திருத்தம்தான். கல்யாணத்தால் வந்த மாற்றத்துக்குச் சான்றாக நான் கொடுத்தது என்ன தெரியுமா? கல்யாணப் பத்திரிகை. எங்கள் கல்யாணம் 1989-ல். கட்டாயத் திருமணப் பதிவுச் சட்டம் தமிழ்நாட்டுக்கு வந்ததே 2009-ல். பதிவுச் சான்றிதழுக்கு எங்கே போக? அம்மா சேலைக்கடியில் மடித்து வைத்திருந்த மஞ்சள் தடவிய பத்திரிகையைப் பான் விண்ணப்பத்துக்கு ஏற்றுக்கொண்டார்கள். முதலீட்டுக் கணக்குகளுக்கு அந்தப் பத்திரிகை எடுபடவில்லை. அங்கே பாஸ்போர்ட்தான் கை கொடுத்தது. புதுப் பான் வந்ததும் ஆதாரோடு இணைப்பு சரியாக இருக்கிறதா என்று வருமான வரித் தளத்தில் பாருங்கள். இணைக்காத பான் 2023 ஜூலை முதல் செயலற்றது.

பேங்கில் பெரிய கதை இல்லை. ஒன்றே ஒன்று: பெயர் அச்சடித்த புதுச் செக் புத்தகம் கேட்டு வாங்குங்கள். ஃபண்டுக்காரர்கள் கேட்கிற ரத்து செய்த செக்கில் பெயர் அச்சாகி இருக்க வேண்டும், பேனாவால் எழுதினால் ஆகாது.

பிறகு கே.ஒய்.சி. மாற்றப் படிவம். பெயர் என்ற கட்டத்தில் டிக் அடித்து, புதுப் பான், ஆதார், பெயர் மாற்றத்துக்கான சான்று மூன்றிலும் கையெழுத்திட்ட நகல்களை வையுங்கள். ஆதார் நகலில் கடைசி நான்கு எண் மட்டும் தெரிந்தால் போதும். ஃபண்ட் ஆபீசிலோ, கேம்ஸ், கேஃபின் சேவை மையத்திலோ கொடுக்கலாம். இரண்டுக்கும் திருநெல்வேலியிலேயே மையம் உண்டு, மதுரைக்குப் போக வேண்டாம். அசல்களையும் கையில் கொண்டுபோங்கள். சில நாள் கழித்துப் பான் எண்ணைப் போட்டு கே.ஒய்.சி. நிலையைப் பாருங்கள். சரிபார்க்கப்பட்டது என்று வந்தபின்தான் அடுத்த அடி.

என் மூன்று ஃபோலியோவில் இரண்டில் புதுப் பெயர் தானாக இறங்கிவிட்டது. டிரங்குப் பெட்டி ஃபோலியோவுக்குத் தனிக் கடிதம் எழுதினேன்: ஃபோலியோ எண், பழைய பெயர், புதுப் பெயர், காரணம், நகல்கள். மூன்று தடவை திரும்பி வந்தது. முதல் தடவை காரணம் சொல்லவில்லை. இரண்டாம் தடவை ஏற்கெனவே வைத்திருந்த நகலையே கேட்டார்கள். மூன்றாம் தடவைதான் விஷயம் தெரிந்தது: கையெழுத்து பொருந்தவில்லை. இருபத்து மூன்று வயதில் 'பி' போட்டுத் தமிழில் போட்ட கையெழுத்து அது. இப்போது என் கை 'எஸ்'ஸுக்குப் பழகிவிட்டது. இதற்கு வழி, பழைய கையெழுத்து, புதுக் கையெழுத்து இரண்டையும் ஒரே தாளில் போட்டு, பேங்க் மேனேஜரிடம் புதியதற்குச் சான்றும் சீலும் வாங்குவது. வீட்டில் ஒரு நோட்டு நிறையப் பழைய கையெழுத்தைப் போட்டுப் பழகினேன். வீட்டுக்காரர் பார்த்துவிட்டு, "என்னட்டி, மறுபடியும் பள்ளிக்கூடத்துக்குப் போகுதியா?" என்றார்.

இதற்கு நடுவில், ஃபண்டுகளையும் பங்குச் சந்தையையும் கண்காணிக்கும் செபியின் ஸ்கோர்ஸ் என்ற புகார்த் தளத்தில் ஒரு புகார் போட்டேன். சம்பந்தப்பட்டவர்கள் 21 நாளுக்குள் பதில் சொல்ல வேண்டும் என்று விதி. கோபத்தை எழுதாமல் தேதிகளை எழுதினேன்: என்று கொடுத்தேன், என்று திரும்பியது, என்ன ஒப்புகை எண். அதனால்தான் கவுண்டரில் தாள் கொடுக்கும்போதெல்லாம் நகலில் சீல் வாங்கச் சொல்கிறேன்.

டீமேட்டுக்குப் புரோக்கரிடம் கணக்கு மாற்றப் படிவம் இருக்கிறது. அங்கே பானில் உள்ளது போலவே பெயர் இருக்க வேண்டும். பங்குச் சந்தையில் உங்கள் பெயரையும் பிறந்த தேதியையும் வருமான வரித் துறைப் பதிவோடு ஒத்துப் பார்க்கிறார்கள், பொருந்தாவிட்டால் வாங்க விற்க முடியாது. வரிசையில் கடைசி என்றாலும், பான் மாறியபின் இதை ரொம்ப நாள் தள்ளிப்போடாதீர்கள். காகிதப் பங்குப் பத்திரம் வைத்திருப்பவர்கள் கம்பெனியின் பங்குப் பதிவாளருக்கு ஐ.எஸ்.ஆர். 1 படிவமும், பேங்க் மேனேஜர் கையெழுத்துச் சான்றளிக்கும் ஐ.எஸ்.ஆர். 2 படிவமும் அனுப்ப வேண்டியிருக்கும். அசல் பத்திரத்தைச் சாதாரணத் தபாலில் போடாதீர்கள்.

பழைய பான் கார்டை நறுக்கி எறிந்துவிட வேண்டாம். எங்காவது பழைய பெயரில் இன்னொரு காகிதம் முளைத்தால், அந்தப் பெயரும் நீங்கள்தான் என்று சொல்ல அது வேண்டும்.

நாமினி பெயர்களையும் பாருங்கள், இதைப் பலரும் மறந்துவிடுகிறார்கள். எனக்கு இவ்வளவு நடந்தும், வீட்டுக்காரர் கணக்கில் நாமினியாக இன்னும் நான் 'ஐ' இசக்கிதான், அம்மாளும் பிரிந்தே நிற்கிறாள். படிவத்தை எடுத்து டி.வி. மேல் வைத்திருக்கிறேன். இந்த ஞாயிற்றுக்கிழமை அவரை உட்கார வைத்துக் கையெழுத்து வாங்க வேண்டும்.